அமேசான் கரையில் ஓர் ஓபரா அரங்கம்

"அமேசான் காட்டுக்கு நடுவில் ஓபரா அரங்கம் ஒன்று இருக்கிறதாமே, உண்மையா? அங்கே யார் பாடினார்கள், யார் கேட்டார்கள்? இப்போதும் ஏதாவது நடக்கிறதா, இல்லை வருகிறவர்கள் படம் பிடித்துக்கொண்டு போகும் பழைய கட்டடம்தானா?"

கேள்வி இதுதான். கொஞ்சம் நீட்டித்தான் பதில் சொல்ல வேண்டும்.

உண்மைதான். பிரேசிலின் அமேசோனாஸ் மாநிலத் தலைநகரான மனாவுஸில் அது இருக்கிறது. பெயர் தியாத்ரோ அமேசோனாஸ். 1896 டிசம்பர் 31 அன்று திறந்தார்கள். ஒரு வாரம் கழித்து, 1897 ஜனவரி 7 அன்று, இத்தாலிய இசையமைப்பாளர் பொன்கியெல்லியின் 'லா ஜோகொண்டா' அங்கே முதல் ஓபராவாக அரங்கேறியது. 701 இருக்கைகள். இன்றும் ஆண்டுதோறும் அங்கே ஓபரா விழா நடக்கிறது.

'காட்டுக்கு நடுவில்' என்பதை மட்டும் கொஞ்சம் திருத்திக்கொள்ளுங்கள். மனாவுஸ் 20 லட்சம் பேர் வாழும் பெரிய ஊர். அரங்கத்தின் படிகளில் நின்றால் காதில் விழுவது பேருந்துச் சத்தம்தான், குரங்குச் சத்தம் இல்லை. ஆனால் ஊரின் எல்லை முடிந்ததும் காடு தொடங்கிவிடும். கடல் ஆற்று வழியே ஏறத்தாழ 1,500 கிலோமீட்டர் தள்ளி. தெற்கே உள்ள பெருநகரங்களிலிருந்து வருகிறவர்கள் பெரும்பாலும் விமானத்தில்தான் வருகிறார்கள்.

இன்னொரு திருத்தமும் உண்டு. உலகப் புகழ்பெற்ற பாடகர் கரூசோ இங்கே பாடினார் என்று பல இடங்களில் எழுதியிருப்பார்கள். அவர் மனாவுஸுக்கு வந்ததே இல்லை. ஊருக்கு இருந்த ஆசை அப்படி ஒரு கதையாக வளர்ந்துவிட்டது.

நான் இந்த அரங்கத்தைப் பற்றித் தேடித் தேடிப் படித்ததற்குக் காரணம் என் பாட்டி. மலேசியாவின் பேராக்கில் ஒரு ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டியவர். விடியற்காலையில் பெரட்டு என்ற ஆள் கணக்கெடுப்புக்குப் போய்ப் பெயர் கொடுத்து, தனக்குரிய நிரையில் மரம் மரமாக உளியால் பட்டையைச் சீவி, மங்கு என்ற கிண்ணத்தில் பால் வடியவிட்டு, வெயில் ஏறுவதற்குள் வாளியில் சேர்த்துத் தூக்கிவந்தவர். பாட்டியின் சேலையில் எந்த நேரமும் வெட்டுக்கோட்டில் உறைந்த கோட்டுப்பாலின் புளித்த வாசம் இருக்கும். அந்த வாசத்துக்கும் மனாவுஸ் அரங்கத்தின் பளிங்குக்கும் இருக்கும் உறவு தெரிந்த நாளிலிருந்து என்னால் அந்தக் கட்டடத்தை வெறும் அழகாக மட்டும் பார்க்க முடியவில்லை.

பால்மரத்தின் பிறந்த வீடு அமேசான். 1839இல் சார்ல்ஸ் குட்இயர் ரப்பரைக் கந்தகத்தோடு சூடாக்கினால் வெயிலில் உருகாது, குளிரில் வெடிக்காது என்று கண்டுபிடித்தார். 1888இல் டன்லப் காற்றடைத்த டயரைக் கொண்டுவந்தார். சைக்கிள், பிறகு மோட்டார் வண்டி, தந்திக் கம்பிகளுக்கு உறை, தொழிற்சாலை இயந்திரங்களுக்குப் பட்டை என்று உலகம் முழுக்க ரப்பருக்கு அலைந்தது. அந்த மரம் அப்போது காட்டில் தானாக வளர்ந்தது அமேசானில் மட்டும். பிரேசிலின் ஏற்றுமதியில் காப்பிக்கு அடுத்த இடத்தை ரப்பர் பிடித்தது. கடல் கப்பல்கள் நேராக ஆற்றில் ஏறி மனாவுஸ் வரை வந்தன. ஆற்று மட்டம் ஆண்டுக்குப் பத்து மீட்டருக்கும் மேலாக ஏறி இறங்கும் என்பதால், தண்ணீரோடு சேர்ந்து உயர்ந்து தாழும் மிதக்கும் துறைமுகத்தையே கட்டினார்கள். மின்விளக்கும் மின்சார டிராமும் பிரேசிலின் பல ஊர்களுக்கு முன்பே இங்கே வந்துவிட்டன. 1909இல் பல்கலைக்கழகமும் தொடங்கினார்கள்.

அரங்கம் வேண்டும் என்ற யோசனையை 1881இல் மாகாண சட்டசபை உறுப்பினர் ஒருவர் முன்வைத்தார். 1884இல் வேலை தொடங்கியது, நின்றது, மறுபடி தொடங்கியது. கீழே ஆற்று முகத்துவாரத்தில் இருந்த பெலெம் நகரம் 1878லேயே தன் அரங்கத்தைத் திறந்துவிட்டது. பணக்கார ஊருக்கு அண்டை ஊரைப் பார்த்தால் வரும் வேகம் இங்கேயும் வந்திருக்கும் என்றே நினைக்கிறேன். வேலையை உண்மையில் நகர்த்தியவர் 1892 முதல் 1896 வரை ஆளுநராக இருந்த எடுவார்டோ ரிபெய்ரோ. ராணுவப் பொறியாளர், கறுப்பினத்தவர். அமேசோனாஸ் மாகாணம் அடிமை முறையை ஒழித்தது 1884இல்; பிரேசில் முழுவதும் ஒழிந்தது 1888இல். அதற்கு நான்கே ஆண்டுகளில் ஒரு கறுப்பினத்தவர் அந்த மாநிலத்தை ஆண்டார், ஊரையே வரைபடம் போட்டு மாற்றினார். ஆனால் அரங்கம் திறந்த இரவில் அவர் பதவியில் இல்லை. சில மாதங்களுக்கு முன்பே பதவிக்காலம் முடிந்துவிட்டது. ஃபிலெட்டோ பீரெஸ் என்பவர் ஆளுநராக இருந்து திறந்துவைத்தார். இன்று ஊரின் முக்கியமான சாலை ரிபெய்ரோவின் பெயரில்தான் இருக்கிறது.

இனி கட்டடம். எஃகு கிளாஸ்கோவிலிருந்து, பளிங்கு இத்தாலியின் கராராவிலிருந்து, நாற்காலி மேசைகள் பாரிஸிலிருந்து. 198 சரவிளக்குகள்; அவற்றில் 32 வெனிஸின் மூரானோ கண்ணாடி. கும்மட்டத்தில் ஆல்சாஸிலிருந்து வந்த 36,000 ஓடுகள், பிரேசில் கொடியின் பச்சை, மஞ்சள், நீல நிறங்களில். இவை எல்லாம் அட்லாண்டிக்கைக் கடந்து, ஆற்றில் எதிர்நீச்சலாக வந்து இறங்கியவை. கச்சேரி நடக்கும்போது தாமதமாக வரும் குதிரை வண்டிகளின் சத்தம் உள்ளே கேட்கக் கூடாது என்று வாசல் வண்டிப்பாதையில் ரப்பர் கலந்த கட்டிகளைப் பதித்தார்கள். ஊரின் செல்வம் எதுவோ அதையே சக்கரத்துக்கு அடியில் விரித்துவிட்டார்கள்.

மேலே உள்ள பெரிய மண்டபத்துக்குப் போகும் முன் செருப்புக்கு மேல் துணி உறை மாட்டச் சொல்வார்கள். காரணம் அந்தத் தரை. ஏறத்தாழ 12,000 மரத்துண்டுகளை ஆணியும் பசையும் இல்லாமல் ஒன்றோடொன்று கோத்து அமைத்த தரை. வெளிர் மரமும் கரு மரமும் மாறி மாறி வரும். உறை மாட்டிய காலைத் தூக்கி வைக்க முடியாது, இழுத்துத்தான் நடக்க வேண்டும். சறுக்கிக்கொண்டே குனிந்து பார்த்தேன்: துண்டுகள் சேரும் இடத்தில் ஒரு முடி நுழைய இடைவெளி இல்லை. ஐரோப்பாவிலிருந்து வந்த பளிங்கைவிட இந்தத் தரைதான் எனக்கு மனத்தில் நின்றது.

அதே மண்டபத்தின் கூரையிலும் சுவரிலும் இத்தாலிய ஓவியர் டொமெனிகோ டி ஆஞ்சலிஸ் தீட்டிய ஓவியங்கள். அவற்றில் ஒன்று, 'இல் குவாரனி' ஓபராவில் பெரி என்ற பழங்குடி வீரன் செசி என்ற வெள்ளைக்காரப் பெண்ணைக் காப்பாற்றும் காட்சி. அந்த ஓபராவை எழுதியவர் கார்லோஸ் கோம்ஸ். பிரேசிலில் பிறந்து, 1870இல் மிலானின் லா ஸ்காலாவில் அதை அரங்கேற்றிப் பெயர் வாங்கியவர். 1896 செப்டம்பரில், இந்த அரங்கம் திறக்கச் சில மாதங்களே இருக்கும்போது, பெலெமில் இறந்துபோனார். அரங்கின் உள்கூரையில் நான்கு ஓவியங்கள் உண்டு. மூன்று இசைக்கும் நடனத்துக்கும் துன்பியல் நாடகத்துக்கும், நான்காவது கோம்ஸுக்கு. அந்த நான்கையும் பிரிக்கும் வளைவுகளை இருக்கையில் சாய்ந்து அண்ணாந்து பார்த்தால் ஈஃபெல் கோபுரத்துக்கு அடியில் நின்று மேலே பார்ப்பது போல இருக்கும். அந்தக் கால மனாவுஸ் எந்த ஊராக இருக்க ஆசைப்பட்டது என்பது அதிலேயே தெரிந்துவிடும்.

ஆனால் திரைச்சீலைக்கு வாருங்கள். கிரிஸ்பிம் டோ அமரால் என்ற பிரேசில் ஓவியர் பாரிஸில் வைத்துத் தீட்டியது. அதில் இருப்பது பாரிஸ் இல்லை. மனாவுஸ் பக்கத்தில் கறுப்பு நீர் ஓடும் ரியோ நீக்ரோவும் மண் நிறத்து சொலிமோயிஸும் கூடும் இடம், நடுவில் இயாரா என்ற நீர்த்தாய். இரண்டு ஆறுகளும் வேகத்திலும் வெப்பத்திலும் அடர்த்தியிலும் வேறுபடுவதால் கலக்காமல் ஏறத்தாழ ஆறு கிலோமீட்டர் பக்கம் பக்கமாக ஓடுகின்றன. படகில் போய் அந்தக் கோட்டின் மேல் கையை விட்டேன். ஒரு பக்கம் வெதுவெதுப்பு, கையை நகர்த்தினால் சில்லிப்பு. அந்தச் சீலையைச் சுருட்டுவதில்லை, மடிப்பதுமில்லை. அப்படியே நிமிர்ந்தபடி கும்மட்டத்துக்குள் ஏறிவிடும். ஆறு மேலே போனதும் பாட்டு தொடங்கும்.

இவ்வளவுக்கும் விலை கொடுத்தவர்களைச் சொல்லாமல் விட்டால் பதில் பொய்யாகிவிடும். காட்டில் பால்மரம் தோப்பாக நிற்காது, சிதறித்தான் நிற்கும். செரிங்கெய்ரோ என்ற பால் வெட்டுபவர் இருட்டில் விளக்கோடு கிளம்பி ஒற்றையடிப் பாதையில் மரம் தேடி நடக்க வேண்டும். வடிந்த பாலைப் புகையில் காட்டி, ஒரு கழியில் சுற்றிச் சுற்றிப் பெரிய உருண்டையாக்க வேண்டும். அந்தப் புகை கண்ணைக் கெடுக்கும். அவர்களில் பெரும்பாலோர் 1877 தொடங்கி வந்த கொடும் பஞ்சத்தில் வடகிழக்கே இருந்த சியாராவிலிருந்து பிழைக்க வந்தவர்கள். பயணச் செலவு கடன், உளி கடன், அரிசியும் உப்பும் கடன். முதலாளியின் கடையில்தான் வாங்க வேண்டும், முதலாளியிடம்தான் ரப்பரை விற்க வேண்டும். இரண்டு விலையையும் அவரே வைப்பார். கடன் அடையாமல் காட்டை விட்டுப் போக முடியாது.

பழங்குடி மக்களுக்கு நேர்ந்தது இதைவிடக் கொடுமை. பெரு, கொலம்பியா எல்லையில் புட்டுமாயோ ஆற்றங்கரையில் ஜூலியோ சீசர் அரானாவின் நிறுவனம் அவர்களைச் சவுக்கால் அடித்தும் கொன்றும் ரப்பர் எடுத்தது. 1910இல் பிரிட்டிஷ் தூதரக அதிகாரி ரோஜர் கேஸ்மென்ட் நேரில் போய் விசாரித்து எழுதிய அறிக்கை அதை உறுதிப்படுத்தியது. அரானாவுக்கு மனாவுஸிலும் அலுவலகம் இருந்தது. அரங்கத்தின் பளிங்கைப் பார்க்கும்போது இதையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். மனாவுஸ் என்ற பெயரே மனாவோஸ் என்ற பழங்குடியிலிருந்து வந்தது. அவர்கள் தலைவன் அஜுரிகாபா போர்ச்சுகீசியரிடம் பிடிபட்டு, விலங்கோடு ஆற்றில் குதித்தான் என்பது ஊரில் எல்லாரும் சொல்லும் வரலாறு.

சரி, பாட்டு ஏன் நின்றது? இங்கேதான் என் பாட்டி வருகிறார்.

1876இல் ஹென்றி விக்கம் என்ற ஆங்கிலேயர் அமேசானின் சாந்தாரெம் பக்கத்திலிருந்து சுமார் 70,000 ரப்பர் விதைகளை லண்டனுக்குக் கப்பலேற்றினார். பிரேசிலில் இன்றும் இதைத் திருட்டு என்றுதான் சொல்கிறார்கள்; அதைத் தடுக்கும் சட்டம் அன்று இல்லை. லண்டனின் கியூ தாவரவியல் தோட்டத்தில் அவற்றில் மூவாயிரத்துக்கும் குறைவாகவே முளைத்தன. ஏறத்தாழ 1,900 கன்றுகள் இலங்கைக்கு வந்தன. கம்பகாவில் உள்ள ஹெனரத்கொடை தோட்டத்தில் வளர்ந்தன. 1877இல் 22 கன்றுகள் சிங்கப்பூர் வந்தன. அவற்றில் ஒன்பது பேராக்கின் கோலகங்சாரில் நடப்பட்டன. அவற்றில் ஒன்று இன்றும் நிற்கிறது. பள்ளிக்கூடச் சுற்றுலாவில் நான் அதைப் பார்த்திருக்கிறேன். அது எங்கிருந்து வந்தது என்று அன்று ஆசிரியர் சொன்னது காதில் ஏறவில்லை.

அமேசானில் தோட்டமாக வரிசையில் நட்டால் இலைக்கருகல் நோய் ஒரு மரத்திலிருந்து அடுத்த மரத்துக்குத் தாவி எல்லாவற்றையும் அழித்துவிடும். பிறகு 1920களின் கடைசியில் ஹென்றி ஃபோர்டே பணத்தைக் கொட்டி நட்டுப் பார்த்துத் தோற்றார். ஆசியாவுக்கு அந்த நோய் வரவில்லை. நிரை நிரையாக நட்டார்கள். பட்டைக்குள் இருக்கும் உள்மரத்தைக் காயப்படுத்தாமல் நாள்தோறும் பால் எடுக்கும் முறையைச் சிங்கப்பூரில் தாவரவியலாளர் ரிட்லி வகுத்தார். வெட்டுவதற்கு ஆள் தமிழ்நாட்டிலிருந்து வந்தார்கள், கங்காணி கொடுத்த முன்பணக் கடனோடு. அந்தப் பக்கம் சியாராவின் பஞ்சம், இந்தப் பக்கம் நம் ஊர்களின் பஞ்சம். கடலின் இரண்டு கரையிலும் கடனில் கட்டுண்டவர்கள் ஒரே மரத்தைத்தான் வெட்டினார்கள். ஒருவரை ஒருவர் அறியாமலே.

1910 தொடக்கத்தில் லண்டனில் ஒரு பவுண்டு எடை ரப்பரின் விலை 12 ஷில்லிங்கைத் தாண்டியது. நான்கு ஆண்டுகளில் அதில் கால் பங்குகூட இல்லை. ஆசியத் தோட்டங்களின் விளைச்சல் அமேசானை முந்திவிட்டது. மனாவுஸில் கடைகள் மூடின, மாளிகைகள் விலைபோயின, கப்பல்கள் குறைந்தன. ஐரோப்பிய ஓபரா குழுக்களை வரவழைக்கப் பணம் இல்லை. கதவு பெரும்பாலும் மூடியே கிடந்த பல பத்தாண்டுகள் தொடங்கின.

அரங்கம் மூடியிருந்தால் ஊரின் கலையும் மூடிவிட்டது என்று எண்ணிவிடக் கூடாது. 1954இல் இளைஞர்கள் சிலர் ஊர்ச் சதுக்கத்தில் ஒரு மரத்தடியில் கூடி 'விடியற்காலைக் கழகம்' என்று பொருள்படும் ஓர் இலக்கிய அமைப்பைத் தொடங்கினார்கள். கவிதை, ஓவியம், விமர்சனம் எல்லாம் அந்த மரத்தடியில் நடந்தன. ஆற்றின் கீழே பரிந்தின்ஸ் தீவில் ஜூன் மாதக் கடைசியில் நடக்கும் காளைமாட்டு விழாவில் சிவப்பணி, நீலவணி என்று இரண்டாகப் பிரிந்து, ராட்சச உருவங்களைச் செய்து, பழங்குடிக் கதைகளைப் பாடி ஆடுகிறார்கள். மனாவுஸில் பாதிப் பேர் சிவப்பு, பாதிப் பேர் நீலம். ஊரின் சொந்தக் கலை எது என்று கேட்டால் பலரும் முதலில் அதைத்தான் சொல்வார்கள். 1967இல் ஊரை வரிச்சலுகை மண்டலமாக்கியதும் தொழிற்சாலைகள் வந்தன, மக்கள் பெருகினார்கள். அதற்கு முந்தின ஆண்டு அரங்கத்தை நாட்டின் மரபுச் சின்னமாக அறிவித்தார்கள். 1970களில் ஒரு முறை, பிறகு பெரிய அளவில் பழுதுபார்த்து 1990இல் மறுபடி திறந்தார்கள்.

என்னைப் பொறுத்தவரை அரங்கத்தின் உண்மையான தொடக்கம் 1897 இல்லை, 1997. அந்த ஆண்டுதான் அமேசோனாஸ் ஓபரா விழா தொடங்கியது, ஊருக்கென்று ஒரு ஃபில்ஹார்மோனிக் இசைக்குழுவும் வந்தது. முதலில் வாசித்தவர்களில் பலர் பல்கேரியா, ரஷ்யா, பெலாருஸ் போன்ற நாடுகளிலிருந்து வந்தவர்கள். மாநில அரசு அதோடு நிற்காமல் மறு ஆண்டே கிளாவுடியோ சந்தோரோ பெயரில் இலவசக் கலைப்பள்ளி தொடங்கியது. சந்தோரோ 1919இல் மனாவுஸில் பிறந்த பெரிய இசையமைப்பாளர். வெளிநாட்டிலிருந்து வந்தவர்கள் அந்தப் பள்ளியில் ஊர்ப் பிள்ளைகளுக்குக் கற்றுக்கொடுத்தார்கள். மேடைக்காட்சிகளையும் உடைகளையும் இப்போது ஊர்ப் பட்டறையிலேயே செய்கிறார்கள். பரிந்தின்ஸில் ராட்சச உருவங்கள் செய்து கைதேர்ந்தவர்களுக்கும் இதில் வேலை உண்டு. 2005இல் ஜெர்மானிய இசையமைப்பாளர் வாக்னரின் நான்கு பாக 'ரிங்' தொடரை முழுதாக அரங்கேற்றினார்கள். லூயிஸ் ஃபெர்னாண்டோ மல்யெய்ரோ இசைக்குழுவை நடத்தினார். உலகின் பெரிய அரங்கங்களே தயங்கும் வேலை அது.

2018இல் மெக்சிகோ இசையமைப்பாளர் டேனியல் கத்தானின் 'ஃப்ளோரென்சியா' இங்கே நடந்தது. மனாவுஸ் அரங்கத்தில் பாடுவதற்காக ஆற்றில் கப்பலேறும் பாடகியின் கதை அது. ஊரில் காலரா, கப்பல் கரையை அடைய முடியாது. கதையில் அவள் நுழைய முடியாத அரங்கத்தில், அதே ஆற்றைத் தீட்டிய திரைக்குப் பின்னால், அவள் பாடினாள்.

போக நினைப்பவர்களுக்கு: விழா பெரும்பாலும் ஏப்ரல், மே மாதங்களில். மழைக்காலம், குடை வேண்டும். பகலில் வழிகாட்டியோடு கட்டடத்தைச் சுற்றிப் பார்க்கலாம், ஆனால் ஒரு மாலை நிகழ்ச்சியாவது கேளுங்கள். வெளியே சதுக்கத்திலும் இலவசமாகப் பாடுவார்கள். அந்தச் சதுக்கத்தின் தரை முழுக்கக் கறுப்பும் வெள்ளையுமாக அலை அலையாகப் பதித்த கல். ஊரில் கேட்டால் இரண்டு ஆறுகளும் சேர்வதுதான் என்பார்கள். அங்கே தகக்கா குடிக்காமல் வந்துவிடாதீர்கள். கசப்பு மரவள்ளியின் சாற்றை நஞ்சு போகக் காய்ச்சி, உலர்ந்த இறாலும் ஜம்பு என்ற கீரையும் போட்டுச் சுரைக்குடுக்கை போன்ற கிண்ணத்தில் சூடாகத் தருவார்கள். அக்கரகாரம் கடித்தது போல அந்தக் கீரை உதட்டையும் நாக்கையும் மரத்துப்போகச் செய்துவிடும்.

நான் போன இரவு நிகழ்ச்சி முடிந்து அந்தக் கிண்ணத்தோடு நின்றிருந்தேன். பக்கத்தில் கறுப்பு உடையில் ஒரு இளம்பெண், தோளில் வயலின் பெட்டி, கையில் அதே கிண்ணம். சற்று முன்பு இசைக்குழுவில் வாசித்தவள். இந்த ஊர்தான், சந்தோரோ பள்ளியில் பதினொரு வயதில் சேர்ந்தேன் என்று அரைகுறை ஆங்கிலத்தில் சொன்னாள். எந்த ஊர் என்று கேட்டாள். மலேசியா என்றேன். உடனே விக்கம் பெயரைச் சொன்னாள்; பள்ளியில் படித்திருக்கிறாள். பாட்டி பால் வெட்டியதைச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் குடித்தாள். பிறகு, "எங்கள் மரங்கள் அங்கே எப்படி இருக்கின்றன?" என்று கேட்டாள்.

பாட்டியின் தோட்டத்தில் எல்லாவற்றையும் வெட்டிவிட்டு எண்ணெய் தரும் செம்பனை நட்டுவிட்டார்கள் என்றேன்.